வேலூர் வளர்த்த மருத்துவக் கல்வி

தோப்பும்படியில் ஒரு வீட்டில் நோய் கடுமையாகி, அருகிலுள்ள மருத்துவர்கள் தயங்குவாராயின், அடுத்து அவ்வீட்டில் எழும் சொல் 'வேலூர்' என்பதே. இன்று கொச்சியிலேயே பெரிய மருத்துவமனைகள் பல உள. எனினும், எர்ணாகுளத்தில் இரவு ரயிலேறி விடியலில் காட்பாடியில் இறங்கும் குடும்பங்கள் குறையவில்லை. அவ்வூருக்கு இப்பெயர் எவ்வாறு வந்தது? அங்குள்ள கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியின் வரலாற்றைச் சிறிது காண்போம்.

இக்கல்லூரியின் வேர் ஈழநாட்டில் உள்ளது. ஜான் ஸ்கடர் என்னும் அமெரிக்க மருத்துவர் 1819-இல் அங்கு வந்து யாழ்ப்பாணத்தில் பணி தொடங்கினார். பின்னர் அவர் தமிழகம் சேர்ந்தார். அவர் மக்களும் பேரரும் இந்நாட்டிலேயே பணி புரிந்தனர். அவருக்குப் பின் 1847-இல் யாழ்ப்பாணம் வந்த சாமுவேல் கிரீன், மானிப்பாயில் 60-க்கும் மேற்பட்டோரை மருத்துவராக்கினார். அவர்களுள் ஒரு பகுதியினருக்குத் தமிழிலேயே கற்பித்தார். அதன்பொருட்டு ஆங்கில மருத்துவ நூல்களைத் தமிழாக்கினார். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நாம் இதனை வியப்புடன் நினைக்கிறோம். அலுவலகச் சுற்றறிக்கை ஒன்றற்குத் தக்க சொல் தேடுவதே நமக்கு ஒரு பகற்பொழுதாகிறது. உடலின் நரம்புக்கும் எலும்புக்கும் சொல் தேடியவர் உழைப்பு எத்தகையதாயிருக்கும்!

ஜான் ஸ்கடரின் பேர்த்தியே ஐடா ஸ்கடர். 1870-இல் இராணிப்பேட்டையில் பிறந்தவர், அமெரிக்காவில் பயின்றவர். 1890-களில், நோயுற்ற தாயைக் காணத் திண்டிவனம் வந்திருந்தார். ஓர் இரவு மூன்று ஆடவர், ஒருவர் பின் ஒருவராக, வீட்டுக் கதவைத் தட்டினர். மூவர் மனைவியரும் பேறுகால வேதனையில் இருந்தனர். தந்தை மருத்துவர், அவரை அழைத்துச் செல்லலாம் என்றார் ஐடா. அந்நிய ஆடவர் தம் மனைவியரைத் தொடுதல் தகாது என்று மூவரும் மறுத்துத் திரும்பினர். பொழுது புலர்ந்தபோது அம்மூன்று பெண்களும் இறந்துவிட்டனர் என்ற செய்தி வந்தது. மருத்துவம் பயில்வதென அன்றே அவர் முடிவு செய்தார்.

1899-இல் கார்னெல் மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்று, 1900-இல் வேலூரில் ஒரே ஒரு கட்டிலுடன் வைத்தியம் தொடங்கினார். நன்கொடையாகப் பெற்ற 10,000 டாலரைக் கொண்டு 1902-இல் நாற்பது படுக்கைகள் கொண்ட மருத்துவமனை எழுந்தது. இத்துடன் அவர் நின்றிருந்தால், நல்ல மருத்துவர் ஒருவர் வாழ்ந்தார் என்ற அளவில் அவர் கதை முடிந்திருக்கும். ஆயின் ஒரு பெண் எத்தனை வீடுகளுக்குச் செல்ல முடியும்? தம்மைப் போன்றவர் பலரை உண்டாக்குவதே வழி என அவர் உணர்ந்தார். 1909-இல் செவிலியர் பள்ளி தோன்றியது. 1918 ஆகஸ்டு 12-இல் பெண்களுக்கென மருத்துவப் பள்ளி திறக்கப்பெற்றது. மூன்று விண்ணப்பங்கள் வந்தால் அதுவே அதிர்ஷ்டம் என்றாராம் மாகாண மருத்துவத் தலைமை அதிகாரி. வந்தவையோ 151.

நிற்க. 1930-களின் இறுதியில் பெரும் இடுக்கண் நேர்ந்தது. பள்ளி அளித்து வந்த உரிமச் சான்றிதழ்ப் படிப்பு இனி போதாது. பல்கலைக்கழகப் பட்டப் படிப்பே வேண்டும் என்று அரசு விதித்தது. அதற்குப் படுக்கைகளும் ஆசிரியர்களும் பெரும்பொருளும் தேவை. எழுபதை எட்டிய ஐடா, அமெரிக்க நகரங்கள்தோறும் சென்று நிதி திரட்டினார். 1942-இல் பட்ட வகுப்பு தொடங்கிற்று. 1947-இல் ஆண் மாணவருக்கும் கதவு திறந்தது. பெண்களுக்கென எழுந்த நிறுவனத்தில் ஆடவரைச் சேர்த்தல் முறையோ என்று நெடுநாள் புரவலர் சிலரே எதிர்த்தனர் என்பதும் வரலாறு. அந்நாளிலேயே ஹில்டா லாசரஸ் அம்மையார் தலைமை ஏற்க, நிர்வாகம் இந்தியர் கைக்கு வந்தது.

இனி நம் ஊருக்கு அண்மையில் வருவோம். துறைமுக வாய்க்கு அப்பால், வைப்பின் தீவில் உள்ள செறாயியைச் சேர்ந்தவர் மேரி வர்கீஸ். வேலூரில் பயின்று மருத்துவரான அவர், 1954-இல் கார் விபத்தொன்றில் முதுகுத்தண்டு முறிந்து, இடுப்புக்குக் கீழ் உணர்விழந்தார். அவ்வமயம் பால் பிராண்ட் என்பார், தொழுநோயால் மடங்கிய விரல்களை அறுவை மூலம் நிமிர்த்தும் அரும்பணியை வேலூரில் நடத்தி வந்தார். அவர் ஊக்கத்தால் மேரி சக்கர நாற்காலியில் அமர்ந்தவாறே அக்கைகளுக்கு அறுவை செய்யக் கற்றார். பின் அமெரிக்காவில் பயிற்சி பெற்று மீண்டு, மறுவாழ்வு மருத்துவத் துறைக்குத் தலைமை ஏற்றார். 1966-இல் வேலூரில் மறுவாழ்வு நிலையம் எழுந்தது. முடங்கியோர் மீண்டும் தொழில் செய்து வாழலாம் என்பதற்கு அவர் வாழ்வே சான்று.

நாட்டின் முதல் திறந்த இதய அறுவை 1961-இலும், முதல் சிறுநீரக மாற்று அறுவை 1971-இலும் வெற்றியுற நிகழ்ந்தமை பலரும் அறிந்தது. ஆயின் மாணவரைத் தேர்ந்தெடுக்கும் முறையே இக்கல்லூரியின் உயிர்நிலை எனலாம். எழுத்துத் தேர்வோடு அமையாது, சேவை மனப்பான்மையை நேரில் ஆராய்ந்து சேர்ப்பதும், சபைகளின் பரிந்துரையில் வந்தோர் படிப்பு முடிந்தபின் இரண்டாண்டு எளிய மருத்துவமனைகளில் பணி புரிவதும் அங்கு மரபாக இருந்து வந்தன. நாடு முழுதும் ஒரே நுழைவுத் தேர்வு வந்தபோது இம்மரபுக்குச் சோதனை நேர்ந்தது. 2017-இல் நூறு இடங்களுள் ஒன்றை மட்டுமே கல்லூரி நிரப்பிற்று. பொதுத் தேர்வு சிறுபான்மை நிறுவனங்களையும் கட்டுப்படுத்தும் என 2020-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

தகுதியில் முறைகேடு புகாமல் காக்கப் பொதுத் தேர்வு வேண்டும் என்பாரின் வாதம் புறக்கணிக்கத்தக்கதன்று. ஆயின் மதிப்பெண் பட்டியல் அறிவை அளக்கும். இரவில் தட்டப்படும் கதவைத் திறக்கும் மனத்தை அது அளக்குமா? வேலூரின் வரலாறு எழுப்பும் வினா இது. இதற்கு விடை காண்பது நம் காலத்தவர் கடமை.