கதிர்க் கோட்பாடு

கல்லில் பொறித்த குறியோ வாய்விட்டுச் சொன்ன சொல்லோ தொலைவிலுள்ள பொருளை மாற்றிவிடும் என்ற பழைய நம்பிக்கைக்கு, தேவதைகளையும் பூதங்களையும் துணைக்கு அழைக்காமல் இயற்கைக் காரணம் காட்ட முயன்ற இடைக்காலக் கோட்பாடு. ஒன்பதாம் நூற்றாண்டில் பாக்தாதில் வாழ்ந்த மெய்யியலாளர் அல்-கிந்தியின் பெயரில் வழங்கும் ‘கதிர்களைப் பற்றி’ என்னும் சிறு நூல் இதன் முதல் ஆதாரம். அரபு மூலம் அழிந்துபோயிற்று. எஞ்சியது லத்தீன் மொழிபெயர்ப்பு மட்டுமே. சில ஏடுகள் இதற்கு ‘மந்திரக் கலைகளின் கோட்பாடு’ என்றே தலைப்பிடுகின்றன. நூல் அவருடையதுதானா என்ற ஐயமும் எழுந்ததுண்டு. ஆனால் இதன் போக்கு அவருடைய பிற எழுத்துகளோடு நன்றாகவே பொருந்துகிறது.

அல்-கிந்தி மந்திரவாதி அல்லர். அபாசிய கலீபாக்களான அல்-மாமூன், அல்-முத்தசிம் ஆகியோரின் ஆதரவில் கிரேக்க நூல்களை அரபுக்குக் கொண்டுவந்த அறிஞர் வட்டத்தின் நடுநாயகம் அவர். எழுத்துகள் எத்தனை முறை வருகின்றன என்று எண்ணிப் பார்த்து மறைகுறியீடுகளை உடைக்கும் வழியை விளக்கியவர். மருந்துக் கலவைகளின் வீரியத்தைக் கணக்கில் அடக்க முனைந்தவர். ஒளியியலிலும் அவர் நூல் உண்டு: ஒளிரும் பொருளின் ஒவ்வொரு புள்ளியிலிருந்தும் எல்லாத் திசைகளிலும் நேர்கோட்டில் கதிர்கள் புறப்படுகின்றன என்றார். அந்த வடிவியலை ஒளியோடு நிறுத்தாமல் உலகம் முழுவதற்கும் நீட்டியதே கதிர்க் கோட்பாடு.

அதன்படி விண்மீன்கள் மட்டுமல்ல, நெருப்பு, கல், மருந்து, ஓசை என இருப்பவை அனைத்தும் தத்தம் இயல்புக்கேற்பக் கதிர்களை வீசிக்கொண்டிருக்கின்றன. ஓரிடத்தில் வந்து கூடும் கதிர்களின் சேர்க்கை வேறோர் இடத்தில் அப்படியே அமையாது. ஒரே மண்ணில் அடுத்தடுத்து விழுந்த இரு விதைகள் வேறுபட்டு வளர்வதும் அதனால்தான். எனவே ஒரே ஒரு பொருளை முற்ற அறிந்தவன், அதில் பதிந்துள்ள கதிர்களின் வழியே பிரபஞ்சம் முழுவதையும் அறிந்தவனாவான். மனிதனோ சிறு உலகம். அவன் ஒன்றை மனத்தில் உருவாக்கி, விருப்பத்தோடும் உறுதியான நம்பிக்கையோடும் அதைச் சொல்லாகவோ கீறலாகவோ வெளிப்படுத்தினால் அதுவும் கதிர் வீசி எதிரிலுள்ள பொருளை அசைக்கும்.

சொற்களுக்கு ஒதுக்கிய இயல்தான் நூலில் மிகத் துணிச்சலானது. சில ஒலிகளுக்கு வான்கோள்களின் ஒத்திசைவே பொருள் தந்திருக்கிறது. வேறு சிலவற்றுக்கு மனிதர்கள் பொருள் வைத்தார்கள். இரண்டும் ஒன்றாய் அமைந்த சொல்லுக்கு வலிமை இரட்டிப்பு என்கிறது நூல். குறிகள், உருவங்கள், பலிகள் ஆகியவற்றுக்கும் இதே விளக்கம் தொடர்கிறது. விளைவு ஆபத்தானது. வேண்டுதல் பலிப்பதும் கதிர்களால் என்றால் கேட்டருள இறைவன் எதற்கு?

லத்தீன் ஐரோப்பா இதை உடனே உணர்ந்தது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் ரோமின் ஜைல்ஸ் தொகுத்த ‘மெய்யியலாளர்களின் பிழைகள்’ பட்டியலில் அல்-கிந்தி தனி இடம் பெற்றார். எல்லாம் வானத்தின் கட்டாயத்தால் நடக்கிறது என்றதே முதன்மைக் குற்றச்சாட்டு. தாமஸ் அக்குவினாஸ் வேறு முனையிலிருந்து தாக்கினார். வெட்டிய வடிவத்துக்குத் தானாகச் செயல்படும் ஆற்றல் இல்லை. எழுத்தும் சொல்லும் அறிவுள்ள ஒருவருக்கே செய்தி தரும். ஆகவே குறி வேலை செய்கிறது என்றால் அதைப் படிக்க யாரோ இருக்கிறார்கள்; அந்த யாரோ பேய்களே என்பது அவர் முடிவு. பேயை விட்டுவிட்டாலும் வாதம் நிற்கிறது. இக்கோட்பாட்டுக்கு எதிராக எழுந்தவற்றில் மிகக் கூரியது இதுவே. குறியின் ஆற்றல் அதன் பொருளில் இருக்கிறது என்றால் பொருளை உணர ஒரு மனம் வேண்டும்; அது கதிரில் இருக்கிறது என்றால் பொருள் எதற்கு, கிறுக்கல் போதுமே. கதிர்க் கோட்பாட்டின் பிற்கால வரலாறு பெரும்பாலும் இந்தப் பொறியிலிருந்து நழுவ எடுத்த முயற்சிகளே.

ரோஜர் பேக்கன் 1267-இல் போப்புக்கு அனுப்பிய பெருநூலில், பொருள்கள் தம் ஆற்றலைச் சூழலில் பெருக்கிப் பரப்புகின்றன என்ற கருத்தை வடிவியலோடு வளர்த்தார். 1489-இல் புளோரன்சின் மார்சிலியோ ஃபிசினோ ‘வாழ்வைப் பற்றி’ என்ற நூலில், கோள்களின் ஆற்றலை ஈர்க்கும் கல்லையும் மருந்தையும் உருவத்தையும் பேசினார். அவர் மருத்துவரும் பாதிரியாரும் ஆதலால் உருவங்களைவிட மருந்துகளையே மெத்தப் புகழ்ந்தார். அவருடைய நண்பர் பீக்கோ தெல்லா மிராண்டோலாவுக்கு அந்தத் தயக்கம் இல்லை. வானம் ஒளி, வெப்பம், இயக்கம் ஆகியவற்றால் மட்டுமே பூமியைத் தொடுகிறது என்று, அவர் இறந்த பிறகு வெளியான சோதிட மறுப்பு நூலில் எழுதினார். இங்கிலாந்தின் ஜான் டீ 1558-இல் கதிர்களின் கணிதத்தையும், 1564-இல் எல்லாக் கோள்குறிகளையும் உள்ளடக்கியதாகக் கருதிய ஒற்றைக் குறியையும் வெளியிட்டார். பதினேழாம் நூற்றாண்டின் புதிய இயற்பியல் வந்தபின் படித்தவர்கள் நடுவே பேச்சு அடங்கியது.

இருபதாம் நூற்றாண்டில் குறியைப் படிப்பவர் இடம் மாறினார். லண்டன் ஓவியர் ஆஸ்டின் ஆஸ்மன் ஸ்பேர் 1913-இல் வெளியிட்ட நூலில் குறி அமைக்கும் முறை மிக எளிது: விருப்பத்தை வாக்கியமாக எழுது, திரும்ப வரும் எழுத்துகளை நீக்கு, மிஞ்சியவற்றை ஓருருவாகப் பிணை, பிறகு அதை மறந்துவிடு. அடிமனமே அதைப் படித்து வேலை செய்யும். வானமும் வேண்டாம், பேயும் வேண்டாம். ஆனால் மனத்துக்குள் நடப்பது வெளியுலகை எப்படித் தொடுகிறது என்ற பழைய கேள்வி திரும்பி வந்துவிட்டது. பீட்டர் கரோல் 1992-இல் ‘லிபர் காவோஸ்’ நூலில் அதற்குச் சமன்பாடே எழுதினார்: ஒருமுகப்பட்ட நிலையும் பொருளோடுள்ள தொடர்பும் பெருகினால் நிகழ்தகவு உயரும், விழிப்புணர்வும் மனத்தடையும் அதைக் குறைக்கும். இவற்றை எந்த அலகால் அளப்பது என்பதற்குச் சமன்பாட்டில் இடமில்லை.

‘கதிர்களைப் பற்றி’ என்னும் லத்தீன் நூலின் ஆய்வுப் பதிப்பு 1974-இல் மரீ-தெரேஸ் தால்வெர்னி, பிரான்சுவாஸ் யூத்ரி ஆகியோரால் வெளியிடப்பட்டது.