கிறிஸ்துமஸ் தீவின் துரிஞ்சில்

மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களில் உரம் தூவிய குடும்பங்களுக்குக் கிறிஸ்துமஸ் தீவு என்னும் பெயர் முற்றிலும் புதிதன்று. அத்தீவில் வெட்டி எடுத்த பாறைப் பாஸ்பேட் மூட்டை மூட்டையாக நம் நாட்டுக்கு வந்து, ரப்பர்க் கன்றுகளின் அடியில் இடப்பட்டது. பின்னர்ச் செம்பனைக்கும் அதுவே உரமாயிற்று. உரத்தின் பெயராக மட்டும் அறிமுகமான அந்த இடத்தைத் தேசப்படத்தில் தேடிப் பார்த்தவர்கள் நம்மில் மிகச் சிலரே. அங்கே, உலகில் வேறெங்கும் இல்லாத சிறு வௌவால் இனம் ஒன்று வாழ்ந்து வந்தது. 2009ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 26ஆம் நாளுக்குப் பின் அதன் ஒலியைக் கேட்டவர் எவரும் இலர். நாளைக் குறித்துச் சொல்லக்கூடிய அளவுக்குத் தெளிவாகப் பதிவான இத்தகைய அழிவு உயிர்களின் வரலாற்றில் மிக அரிது. அவ்வளவு கூர்ந்து பார்த்துக்கொண்டிருந்தும் அதனைக் காப்பாற்ற இயலாமற் போனது எவ்வாறு என்பதே இங்கு நம் ஆராய்ச்சி.

முதலில் பெயரைப் பற்றி ஒரு சொல். வௌவாலை வாவல் என்றும் வழங்குவது நம் மொழியின் பழைய மரபு. சிறு வௌவாலுக்குத் துரிஞ்சில் என்றொரு சொல்லும் உண்டு. இன்று அது பேச்சில் இல்லை, அகராதியில் உறங்குகின்றது. நாம் பேசப்போகும் உயிர் பூச்சி தின்னும் மிகச் சிறிய வௌவால். நம் நாட்டு இருபது காசு நாணயத்தின் எடைதான் அதன் உடல் எடையும். ஏறத்தாழ நான்கு கிராம். ஆதலால் துரிஞ்சில் என்றே அதனைக் குறிப்போம். நல்ல சொல்லொன்றுக்கு மீண்டும் சிறிது வேலை கொடுத்ததாகவும் இருக்கும்.

சாவகத் தீவுக்குத் தெற்கே சுமார் 350 கிலோமீட்டர் தொலைவில் இந்துமாக்கடலில் தனித்து நிற்பது இத்தீவு. பரப்பு 135 சதுரக் கிலோமீட்டர். 1643ஆம் ஆண்டு டிசம்பர் 25ஆம் நாள் அவ்வழியே சென்ற வில்லியம் மைனர்ஸ் என்னும் ஆங்கிலக் கப்பல் தலைவர் இட்ட பெயரே நிலைத்துவிட்டது. அதன்பின் இரண்டரை நூற்றாண்டு அங்கே குடியிருப்பு இல்லை. சர் ஜான் மரே என்னும் கடலாய்வறிஞர் தம்மிடம் வந்த கற்களைச் சோதித்து, அவை உயர்ந்த பாஸ்பேட் என்று கண்டார். 1888இல் பிரிட்டன் தீவைத் தன்னுடையது என அறிவித்தது. 1897இல் பாஸ்பேட் கம்பெனி தோன்றியது. 1900இல் தீவு தொடுவாய்க் குடியேற்றங்களோடு இணைக்கப்பட்டு, அதன் ஆட்சி சிங்கப்பூரின் பொறுப்பாயிற்று.

இவ்விடத்தில் மரேயைப் பாராட்ட வேண்டும். மண்வெட்டி இறங்கிக் காடு மாறிப்போகுமுன் அத்தீவின் செடி, கொடி, விலங்கு அனைத்தையும் ஒருவர் எழுதி வைக்க வேண்டும் என்று அவர் எண்ணினார். அவர் பொருளுதவியுடன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தைச் சேர்ந்த சார்ல்ஸ் ஆண்ட்ரூஸ் 1897இல் தீவில் இறங்கிச் சுமார் பத்துத் திங்கள் தங்கினார். 1900இல் அவர் வெளியிட்ட நூலில் நம் துரிஞ்சில் முதன்முதலாக அறிவியற்பெயர் பெற்றது. அதில் மரேயின் பெயரே சேர்க்கப்பட்டது. தீவைத் தோண்ட வந்தவரின் பெயரைத் தீவின் உயிர் சுமந்தது.

ஆண்ட்ரூஸ் கண்ட காலத்தில் தீவுக்கே உரிய பாலூட்டிகள் ஐந்து: எலிகள் இரண்டு, மூஞ்சூறு ஒன்று, பழந்தின்னி வௌவால் ஒன்று, துரிஞ்சில் ஒன்று. எலிகளில் ஒன்றாகிய மக்ளியர் எலி இரவானால் காடெங்கும் திரிந்தது. கூடாரத்துக்குள் புகுந்து தொல்லை கொடுத்தது. இவ்வளவு மலிந்த விலங்கு பத்தே ஆண்டுகளில் இல்லாது போகும் என்று யார் நினைத்திருப்பார்? 1899இல் வந்த ஹிந்துஸ்தான் என்னும் கப்பலில் கறுப்பெலிகள் வந்து இறங்கின. தீவில் சீனத் தொழிலாளர்களை நூற்றுக்கணக்கில் மாய்த்த பெரிபெரி நோயை ஆராய வந்த டர்ஹம் என்னும் மருத்துவர், உள்நாட்டு எலிகள் பட்டப்பகலில் பாதைகளில் தள்ளாடி ஊர்வதைப் பார்த்தார். 1908இல் ஆண்ட்ரூஸ் மீண்டும் வந்தபோது இரண்டு எலியினங்களில் ஒன்றைக்கூடக் காண முடியவில்லை. ஏறத்தாழ நூறு ஆண்டுகளுக்குப் பிறகு, அருங்காட்சியகத்தில் இருந்த பழைய தோல்களைச் சோதித்து, கறுப்பெலிகள் கொணர்ந்த ஒரு குருதி நுண்ணுயிர் உள்நாட்டு எலிகளிடமும் பரவியிருந்ததை அறிஞர்கள் 2008இல் காட்டினர். உள்நாட்டு உயிருக்கு வெளியிலிருந்து வருவது எவ்வளவு விரைவில் எமனாகும் என்பதற்கு அத்தீவே முன்னரே சான்று கொடுத்திருந்தது என்பதை நினைவில் இருத்துக. பின்னர் நடந்தவற்றை எடை போட இது வேண்டும்.

அடுத்த அரை நூற்றாண்டில் துரிஞ்சிலைப் பற்றி எழுதியவர் சிலரே. 1938 முதல் 1940 வரை தீவில் மருத்துவராக இருந்த கிப்சன் ஹில் அவர்களுள் ஒருவர். அவர் பின்னாளில் சிங்கப்பூர் ராபிள்ஸ் அருங்காட்சியகத்தின் இயக்குநரானார். தீவின் பாலூட்டிகளைப் பற்றி அவர் எழுதிய குறிப்பு அந்நிலையத்தின் வெளியீட்டில் 1947இல் வந்தது. 1958ஆம் ஆண்டு அக்டோபர் 1ஆம் நாள் தீவு ஆஸ்திரேலியாவின் ஆட்சிக்கு மாறியது. கைவிட்டுப்போகும் பாஸ்பேட்டுக்கு ஈடாகச் சிங்கப்பூருக்கு 29 இலட்சம் பவுன் வழங்கப்பட்டது. அந்தக் கணக்கில் பாறைக்கு விலை இருந்தது. பாறையின்மேல் நின்ற காட்டுக்கோ அதில் பறந்த உயிருக்கோ விலை இல்லை. அக்காலத்தில் எவரும் அவ்வாறு கணக்கிடவுமில்லை.

1980இல் தேசியப் பூங்கா அமைந்தது. இன்று அது தீவின் ஐந்தில் மூன்று பங்குக்கு மேல் விரிந்துள்ளது. 1984இல் நடந்த ஆய்வில் துரிஞ்சில் தீவெங்கும் பரவலாகக் காணப்பட்டது. பத்து ஆண்டு கழித்து, 1994இல் லிண்டி லம்ஸ்டன் என்னும் வௌவால் ஆய்வாளரும் அவர் தோழர்களும் தேடியபோது, மக்கள் குடியிருக்கும் வடகிழக்குப் பகுதியில் அது அருகிவிட்டது. அங்கே தொடங்கிய குறைவு மேற்கு நோக்கி நகர்ந்தது. வௌவால் எழுப்பும் ஒலி மனிதச் செவிக்கு எட்டாதது. அதனைப் பதியும் கருவியைக் காட்டில் வைத்து, ஓர் இரவில் எத்தனை முறை அது கடந்து சென்றது என்று எண்ணினர். 1994க்கும் 2006க்கும் இடையே அந்த எண்ணிக்கை ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கு குறைந்துவிட்டது. 2006இல் ஆஸ்திரேலியச் சட்டப்படி அது மிக ஆபத்தான நிலையில் உள்ள இனம் என்று பட்டியலில் ஏற்றப்பட்டது.

காரணம் யாது? பலவற்றின்மேல் ஐயம் எழுந்தது. 1987இல் சரக்கோடு வந்த, மரம் ஏறும் சிறு பாம்பு, கோடிக்கணக்கான செந்நண்டுகளைக் கொன்று காட்டின் தரையையே மாற்றிய மஞ்சள் எறும்பு, கறுப்பெலி, பூனை, பெரும் பூரான், புதிய நோய் என ஒவ்வொன்றையும் ஆராய்ந்தனர். துரிஞ்சில் பகலில் பட்டமரத்தின் உரிந்த பட்டைக்கடியிலும் காய்ந்த மட்டைகளுக்கிடையிலும் ஒடுங்கி உறங்கும். அவ்விடத்தில் பாம்பும் பூரானும் எளிதில் எட்டும். ஆயினும் இன்றுவரை குற்றவாளி இதுவென நிறுவப்படவில்லை. காரணம் தெரியாத நிலையில் செய்யத்தக்கது ஒன்றே: எஞ்சியவற்றைப் பிடித்து, பாதுகாப்பான இடத்தில் வளர்த்து, ஆராய்ச்சியைப் பின்னர்த் தொடர்தல். வீட்டில் தீப்பிடித்தால் பிள்ளையை முதலில் வெளியே தூக்கி வருவோம். தீ எப்படிப் பற்றியது என்பதை அப்புறந்தான் விசாரிப்போம்.

2009 சனவரியில் லம்ஸ்டனும் மார்ட்டின் ஷுல்ஸும் மீண்டும் எண்ணினர். கூட்டமாக உறங்குமிடம் ஒன்று மட்டுமே தெரிய வந்தது. மூன்று ஆண்டுகளுக்கு முன் 54 துரிஞ்சில்கள் இருந்த அவ்விடத்தில் நான்கே இருந்தன. தீவு முழுவதற்கும் இருபதளவில்தான் எஞ்சியிருக்கும் என்று மதிப்பிட்டனர். உடனே பிடித்து வளர்க்காவிடில் சில திங்களில் இனமே அற்றுப்போகும் என்று வௌவால் அறிஞர்கள் அரசுக்கு வெளிப்படையாக எழுதினர்.

அரசு மறுக்கவில்லை. நிபுணர் குழு ஒன்றை அமைத்தது. பாப் பீட்டன் தலைமையிலான அக்குழு துரிஞ்சிலோடு தீவின் காடு, எறும்பு, நண்டு அனைத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்று பணிக்கப்பட்டது. தவறான நோக்கமன்று. ஒரே ஓர் உயிரைக் காத்து, அதனை அழித்த சூழலை அப்படியே விடுவதில் பயன் யாது என்ற கேள்வியும் நியாயமானதே. பிடித்து வளர்ப்பதில் வெற்றி உறுதியுமன்று. நான்கு கிராம் எடையுள்ள, பறந்தபடியே பூச்சி பிடிக்கும் உயிரைக் கூட்டில் வைத்து ஊட்டுவது எளிய காரியமா? இவ்வாறு ஒவ்வொரு தயக்கத்துக்கும் ஒரு தக்க விளக்கம் இருந்தது. இதுதான் இந்த வரலாற்றில் என்னை மிகவும் வருத்தும் பகுதி. அலட்சியத்தால் ஓர் இனம் அழிந்தது என்றால் யாரையேனும் கடிந்துகொள்ளலாம். இங்கோ படித்தவர்கள், பொறுப்புள்ளவர்கள், முறையாகக் கூடி முறையாக ஆய்ந்துகொண்டிருந்தனர். பிப்ரவரி போயிற்று; மார்ச்சு, ஏப்ரல், மே, ஜூனும் போயின.

ஜூலை 1ஆம் நாள் அமைச்சர் பீட்டர் காரெட் துரிஞ்சில்களைப் பிடிக்க இசைவு அளித்தார். ஆகஸ்டில் ஆஸ்திரேலிய வௌவால் சங்கத்தார் உள்ளிட்ட குழுவினர் வலைகளோடும் பொறிகளோடும் தீவை அடைந்தனர். கருவிகளில் ஒரே ஒரு துரிஞ்சிலின் ஒலி கேட்டது. அது பறக்கும் வழியெல்லாம் வலை கட்டினர். வலையை உணர்ந்து, ஒவ்வோர் இரவும் அது விலகிச் சென்றது. 26ஆம் நாள் இரவு பதிந்த ஒலியே கடைசி. குழுவினர் பின்னும் பல இரவுகள் காத்திருந்தனர். கருவிகள் மௌனமாகவே இருந்தன. செப்டம்பரில் அமைச்சர் முயற்சி தோற்றதை அறிவித்தார். 2017இல் உலக இயற்கைப் பாதுகாப்புச் சங்கம் அதனை அழிந்த இனமாகப் பதிந்தது. தீவின் மூஞ்சூறு 1985க்குப் பின் காணப்படவே இல்லை. ஐந்து பாலூட்டிகளில் எஞ்சியது பழந்தின்னி ஒன்றே.

அதே தீவின் பல்லியினங்களும் அக்காலத்தில் விரைந்து குறைந்து வந்தன. நீலவால் அரணையும் லிஸ்டர் பல்லியும் முற்றிலும் மறையுமுன், 2009 தொடங்கிப் பூங்கா ஊழியர் இயன்றவரை பிடித்துக் கூண்டில் வளர்த்தனர். இரண்டும் நூற்றுக்கணக்கில் பெருகின. சிட்னியின் தரோங்கா விலங்கியற் பூங்காவிலும் ஒரு பகுதி வளர்க்கப்பட்டது. 2019இல் நீலவால் அரணைகள் கொக்கோஸ் தீவுக்கூட்டத்தில் ஒரு சிறு தீவில் விடப்பட்டன. காட்டரணை என்னும் மற்றோரினத்தில் பிடிபட்டவை பெண் அரணைகள் மூன்று மட்டுமே. கடைசியாக இருந்த கம்ப் என்னும் அரணை 2014 மே 31இல் இறந்தது. சில திங்கள் முந்தியவை பிழைத்தன, பிந்தியது பிழைக்கவில்லை. 2012இல் தாரா மார்ட்டின் முதலிய ஆய்வாளர்கள், முன்கூட்டியே கூட்டில் வளர்க்கப்பட்ட ஓர் ஆஸ்திரேலியக் கிளியினத்தோடு துரிஞ்சிலை ஒப்பிட்டு இதே முடிவுக்கு வந்தனர். முடிவெடுக்கும் அதிகாரமும் கணக்கெடுக்கும் அறிவும் வெவ்வேறு கைகளில் இருந்ததே இரண்டுக்கும் உள்ள வேறுபாடு என்பது அவர்கள் கருத்து. ஜான் வொய்னார்ஸ்கி என்னும் உயிரியலறிஞர் இந்த ஒரு துரிஞ்சிலின் மறைவைப் பற்றியே 2018இல் முழு நூல் ஒன்று எழுதியுள்ளார்.

தீவின் பழந்தின்னி வௌவால் பகலிலும் பறக்கும் இயல்புடையது. மரத்துக்கு மரம் சென்று பூவையும் பழத்தையும் உண்டு, விதையைக் காடெங்கும் தூவுவது அது. 1984இல் சுமார் 6,000 இருக்கும் என்று மதிப்பிட்டிருந்தனர். பின்னர் எண்ணிக்கை வெகுவாகச் சரிந்தது. துரிஞ்சிலுக்குக் கொடுத்த அதே நிலையை, மிக ஆபத்தான நிலையில் உள்ள இனம் என்பதை, ஆஸ்திரேலிய அரசு 2014இல் இதற்கும் கொடுத்தது.