காராபுரத்து யானைச் சிறுவன்

தசராக் காலத்தில் ஜம்பூ சவாரி காணச் செல்லும் நம் சங்கத்துக் குடும்பத்தினர் யானைகளைக் கண்டு மகிழ்வர். தங்க அம்பாரியைக் கண்டு கைகூப்புவர். யானையின் பிடரியில் அமர்ந்து, காதுகளின் பின்னே கால் விரல்களை அழுத்தி, அம்மாபெரும் விலங்கை நடத்திச் செல்கிறானே ஒரு பாகன், அவன் முகத்தை நினைவில் வைத்திருப்போர் மிகச் சிலர். ஏறத்தாழத் தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன்னர் இங்கிலாந்திலிருந்து வந்த படப்பிடிப்புக் குழுவினர் சிலர், மைசூர் மகாராஜாவின் யானைக் கொட்டாரத்தில், யானைகளைக் காட்டிலும் பாகர் வீட்டுப் பிள்ளைகளையே கூர்ந்து நோக்கினர். அவர்கள் தேர்ந்தெடுத்த சிறுவனுக்கு அப்போது வயது பதினொன்று. பதின்மூன்றாம் வயதில் அவன் உலகறிந்த நடிகனாகிவிட்டான். அவன் பெயர் சாபு.

சென்ற பொங்கல் விழாவில் நம் பிள்ளைகளுக்கு நடைபெற்ற வினாவிடைப் போட்டியில், "மைசூர்ச் சீமையில் பிறந்து ஆங்கிலப் படங்களில் புகழ் பெற்ற நடிகர் யார்?" என்று நான் கேட்டேன். விடை கிடைக்கவில்லை. பிள்ளைகளைக் குறை கூறுவதற்கில்லை. பின்வரிசையில் இருந்த பெற்றோரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டனர். முதியவர் ஒருவர் மட்டும், "பறக்கும் கம்பளத்தில் ஏறிப் போவானே, அந்தத் திருட்டுப் பையனா?" என்றார். அவனேதான். ஆனால் அந்தப் பையன் நம் ஊர்ப்பக்கத்தவன் என்பதை அவரும் அறிந்திருக்கவில்லை. இக்கட்டுரைக்கு அந்த நிகழ்ச்சியே காரணம்.

சாபு 1924ஆம் ஆண்டு ஜனவரி 27ஆம் நாள் காராபுரத்தில் பிறந்தார். மைசூரிலிருந்து ஹெக்கடதேவனகோட்டை வழியாகச் சுமார் எண்பது கிலோமீட்டர் சென்றால், கபினி நீர்த்தேக்கத்தின் கரையில் அவ்வூரைக் காணலாம். அவர் பிறந்த நாளில் அணையும் இல்லை, நீர்த்தேக்கமும் இல்லை. கபினி ஆறும், காகனகோட்டைக் காடும், அக்காட்டில் உலவிய யானைக் கூட்டங்களுமே இருந்தன. காட்டு யானைகளை நூற்றுக்கணக்கான ஆட்கள் பறையடித்தும் தீப்பந்தம் பிடித்தும் வளைத்துத் துரத்தி, பெருமரங்களால் கட்டிய தொழுவினுள் அடைத்துப் பிடிக்கும் முறைக்குக் 'கெட்டா' என்று பெயர். மைசூர்ச் சீமையில் சாண்டர்சன் என்ற ஆங்கில அதிகாரி 1874இல் இம்முறையை வெற்றியுடன் நடத்திக் காட்டினார்; 1971ஆம் ஆண்டோடு அது நின்றுபோயிற்று. பிரபுக்களும் விருந்தினரும் மேடையில் அமர்ந்து பார்த்திருக்க, சினங்கொண்ட யானைகளின் நடுவே பழகிய யானைகளின் மேலேறிப் புகுந்து, அவற்றின் கால்களுக்குக் கயிறிட்டோர் பாகர்களே. அத்தகைய பாகர் ஒருவரின் மகன்தான் சாபு. பெற்றோரை இளமையிலேயே இழந்தமையால், அரண்மனை யானைக் கொட்டாரமே அவருக்கு வீடும் பள்ளியுமாயிற்று. தமையனார் ஒருவரே துணை.

1935இல் மைசூருக்கு வந்தவர் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி. வடதுருவத்துப் பனிநிலத்து மாந்தரின் வாழ்வை 1922இலும், அயர்லாந்துக் கடலோரத் தீவினரின் வாழ்வை 1934இலும் படமாக்கி அழியாப் புகழ் பெற்றவர். லண்டனில் படக் கம்பெனி நடத்திவந்த அலெக்சாண்டர் கோர்டா, கிப்ளிங் எழுதிய பாகச் சிறுவன் தூமாயின் கதையைப் படமாக்க அவரை இங்கு அனுப்பினார். நால்வடி கிருஷ்ணராஜ உடையாரின் அரசு குழுவினருக்கு யானைகளைத் தந்தது. தங்கச் சித்தரஞ்சன் மகாலையும் தந்தது. நம் ஹெப்பாளுக்கு அதிகத் தொலைவின்றி, ஹுன்சூர்ச் சாலையில் உள்ள அம்மாளிகையை நாம் அனைவரும் கடந்து போகிறோம். பிற்காலத்தில் பிரீமியர் ஸ்டூடியோவின் கைக்கு வந்ததும், இந்நாளில் கிரீன் ஹோட்டல் என வழங்குவதும் அதுவே. 1989இல் திப்பு சுல்தான் தொடரின் படப்பிடிப்பில் மூண்ட தீயில் அறுபதுக்கும் மேற்பட்டோர் மாண்ட துயரத்தால் பிரீமியர் ஸ்டூடியோவின் பெயரைப் பலர் அறிவர். அதற்கும் அரை நூற்றாண்டுக்கு முன்னரே, மகால் என்ற பெயரோடு விளங்கிய நாளில், ஓர் உலகப் படம் உருவாவதற்கு அம்மாளிகை இடந்தந்தது என்பதையும் உடன் நினைத்தல் தகும்.

தூமாயாக நடிக்கச் சிறுவர் பலரைப் பார்த்து மனநிறைவு கொள்ளாதிருந்த வேளையில், ஒளிப்பதிவாளர் ஆஸ்மண்ட் பாரடேல் கொட்டாரத்தில் சாபுவைக் கண்டெடுத்தார். சிறுவனுக்கு ஆங்கிலம் ஒரு சொல்லும் தெரியாது. நடிப்பென்பதும் தெரியாது. ஆனால் 'ஐராவதம்' என்ற பெரிய யானை அவன் சொற்கேட்டு முழந்தாளிட்டது. துதிக்கையால் தூக்கித் தன் பிடரியில் வைத்தது. இதற்கு ஒத்திகை ஏது? மேல்நாட்டுப் படங்களில் இந்தியர் வேடத்தை முகத்தில் மை பூசிய வெள்ளையரே தாங்கிவந்த காலம் அது. மெய்யான பாகச் சிறுவன் மெய்யான யானைமீது ஏறி வந்தபோது, காண்போர்க்கு ஏற்பட்ட வியப்பை நாம் ஊகித்துக்கொள்ளலாம்.

ஃபிளாஹர்ட்டி அவசரம் அறியாதவர். மாதங்கள் ஓடின, மழைக்காலமும் வந்தது. முதலாளியின் பொறுமை எல்லை கடந்தது. கோர்டா தம் தம்பி ஸோல்டானை அனுப்பி வேலையை விரைவுபடுத்தினார். எஞ்சிய காட்சிகளை இங்கிலாந்தின் டென்ஹாம் ஸ்டூடியோவில் எடுப்பதென முடிவாயிற்று. அதற்காகவே 1936இல் சாபுவும் தமையனாரும் கப்பலேறினர். 'யானைச் சிறுவன்' என்னும் பொருள்படும் பெயருடன் 1937இல் வெளிவந்த அப்படம், அவ்வாண்டு வெனிஸ் விழாவில் நெறியாளர் இருவருக்கும் பரிசு பெற்றுத் தந்தது. ஆயினும் மக்கள் நெஞ்சில் நின்றவர் நெறியாளர் அல்லர்; சிறுவன்தான். படத்தைப் பார்ப்போர் இன்றும் எளிதில் பிரித்தறியலாம்: மைசூர்க் காட்டில் எடுத்த பகுதிகளில் உயிர் இருக்கிறது, டென்ஹாம் கூடாரத்தில் எடுத்த பகுதிகளில் வசனம் இருக்கிறது.

கோர்டா சாபுவை இங்கிலாந்திலேயே இருத்திப் பள்ளியில் சேர்த்தார். அடுத்த படம் 1938இல் வந்த 'முரசு'. வடமேற்கு எல்லைப்புறத்து இளவரசன் ஒருவன், தன் குலத்தார் வெள்ளைப் படையினரைக் கொல்லச் சூழ்ச்சி செய்கையில், முரசறைந்து அவர்களைக் காப்பதாகக் கதை. நாட்டில் விடுதலை வேட்கை கொழுந்துவிட்ட காலத்தில் இத்தகைய கதையை யார் பொறுப்பர்? பம்பாயிலும் சென்னையிலும் எதிர்ப்புக் கிளம்பியது; மறியல் நடந்தது. எதிர்த்தவர்கள் செய்தது முற்றும் சரியே. ஆனால் பதினான்கு வயதுப் பையனிடம் கதையை நல்லதா, தீயதா என்று எவரும் கேட்டிருக்கமாட்டார்கள் என்பதையும் நினைக்கவேண்டும். யானைக் கொட்டாரத்திலிருந்து அவனைத் தூக்கிச் சென்ற கை எதைக் கொடுத்ததோ, அதை அவன் செய்தான்.

'பாக்தாத் திருடன்' 1940இல் வந்தது. சாபுவின் கலைவாழ்வில் உச்சி அதுவே என்பது என் துணிபு. போர் மூண்டுவிட்டமையால் பாதியில் படக்குழு அட்லாண்டிக்கைக் கடந்து, அமெரிக்காவின் மாபெரும் பள்ளத்தாக்குகளிடையே படத்தை முடித்தது. அபு என்ற திருட்டுச் சிறுவனாகச் சாபு அதில் ஓடுகிறார், ஏறுகிறார், குட்டியிற் சிறிய குட்டியாய் நின்று மலையளவு பூதத்தை ஏமாற்றிக் குப்பிக்குள் அடைக்கிறார். கதைக்கு முறைப்படியான நாயகன் வேறொருவன் உண்டு. படம் முடிந்தபின் அவன் முகம் நினைவிருக்கிறதா என்று எவரையேனும் கேட்டுப்பாருங்கள்! ஒளிப்பதிவு, கலை அமைப்பு, தந்திரக் காட்சி ஆகிய மூன்றுக்கும் அப்படம் ஆஸ்கார் பரிசு பெற்றது.

1942இல் கோர்டா சகோதரர்களின் காட்டுக் கதையில் மௌக்லியானார். அதன்பின் யூனிவர்சல் கம்பெனியினர் அவரை ஒப்பந்தம் செய்துகொண்டனர். 'அரேபிய இரவுகள்', 'நாகப் பெண்' என்று வண்ணவண்ணமாய்ப் படங்கள் வந்தன. அனைத்திலும் ஏறத்தாழ ஒரே வேடம்: தலைப்பாகை, திறந்த மார்பு, நாயகனுக்கு உற்ற தோழன். அரேபியாவோ, தென்கடல் தீவோ, எந்நாடாயினும் சாபு சாபுதான். கதாநாயகியின் கரம் பற்றும் வாய்ப்பு மட்டும் வேறொருவருக்கு. அவற்றைப் பற்றி மேலும் எழுத வேண்டுவதில்லை.

ஆனால் 1944இல் அவர் செய்ததைச் சொல்லாதிருக்கவியலாது. இந்தியர் அமெரிக்கக் குடிமக்களாகத் தகுதியற்றவர் என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 1923இல் தீர்ப்பளித்திருந்தது. இந்தியர்க்குப் பொதுவாக அக்கதவு திறந்தது 1946 ஜூலையில்தான். அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன்னரே சாபு குடியுரிமை பெற்றார், விமானப்படையிலும் சேர்ந்தார். நடிகர் என்ற பெயரைக் காட்டிப் பாதுகாப்பான வேலையில் அமர்ந்திருக்கலாம். அவரோ பசிபிக் போர்க்களத்தில் பி-24 குண்டுவீச்சு விமானத்தின் பீரங்கிக் கூண்டில் அமர்ந்தார். யானையின் பிடரியில் வளர்ந்த பிள்ளை, பல பத்து முறை பகைவர் வானில் பறந்து போரிட்டுச் சிறப்புப் பறத்தல் சிலுவை என்னும் வீரப் பதக்கம் பெற்றுத் திரும்பினார். திரையில் ஒருபோதும் அவருக்குக் கொடாத ஆண்மை வேடத்தை வாழ்க்கை கொடுத்தது.

திரும்பிய பின்னர் நடித்த படங்களுள் 1947இல் வந்த 'பிளாக் நார்சிஸஸ்' குறிப்பிடத்தக்கது. இமயமலைச் சாரலில் மடம் அமைக்க வந்த கன்னித்துறவியரின் கதை. காட்சிகளோ இங்கிலாந்தில் அமைத்தவை! பட்டாடையும் மணிகளும் பூண்டு, வாசனை பூசிக்கொண்டு, துறவியரிடம் பாடங்கேட்க வரும் இளவரசராகச் சாபு தோன்றுகிறார். படத்தின் பெயரே அவர் பூசும் அவ்வாசனையின் பெயர்தான். அவர் மயங்கும் மலைப்பெண்ணின் பெயர் காஞ்சி. நேபாளத்தில் இளைய பெண்ணை அவ்வாறு அழைப்பர். நம்மவர் காதில் விழும்போது கோயிலும் பட்டுமே நினைவுக்கு வருமாகையால் சொல்லிவைத்தேன். முதன்முறையாக ஒரு வளர்ந்த மனிதனின் வெகுளித்தனத்தையும் நாணத்தையும் அவர் நுட்பமாகக் காட்டிய படம் அது. அவ்வழியே அவரை அழைத்துச்செல்ல வேறு எவரும் வரவில்லை.

1948இல் மணம் புரிந்துகொண்டார். மகன் ஒருவர், மகள் ஒருவர். படங்கள் குறைந்தன. 1952இல் லண்டன் ஹாரிங்கே சர்க்கஸில் யானைகளோடு வித்தை காட்டினார். பதினாறாண்டுகளுக்கு முன் எந்த நகரில் பட நடிகராய் வந்திறங்கினாரோ, அதே நகருக்கு யானைக்காரராய்த் திரும்பினார். இதை இழிவென்று நான் கருதவில்லை. யானையோடு நிற்பது அவர் குலத்தொழில். அதில் அவருக்கு எவரும் வசனம் எழுதித்தர வேண்டியதில்லை. ஆயினும் படத்துறை அவருக்குச் செய்த அநீதி அந்த வட்டக் களத்தில் நன்கு விளங்கிற்று.

தாய்நாடு அழைக்கவில்லையா? அழைத்தது, ஒருமுறை. மெஹபூப் கான் 'மதர் இந்தியா' படத்தில் இளைய மகன் பிர்ஜுவாக நடிக்க அவரை நாடினார். ஆனால் சாபு இப்போது அயல்நாட்டுக் குடிமகன். இங்கு வேலை செய்ய அனுமதிச் சீட்டுக் கிடைக்கவில்லை. அவ்வேடம் சுனில் தத்துக்குப் போயிற்று. படம் 1957இல் வெளிவந்து பெரும் புகழ் பெற்றது. காராபுரத்தில் பிறந்தவருக்கு இந்தியப் படமொன்றில் நடிக்கச் சீட்டு வேண்டியிருந்தது! பிழைப்புக்காக ஊர்விட்டு ஊர் வந்து, குடும்ப அட்டைக்கும் இருப்பிடச் சான்றுக்கும் படியேறி இறங்கிய நம் காலனியாருக்கு இதன் கசப்பை விளக்க வேண்டுவதில்லை. மற்றொன்றும் நமக்கு எளிதில் விளங்கும். நூல்களில் அவர் 'சாபு தஸ்தகீர்' எனப்படுகிறார். தஸ்தகீர் தமையனாரின் பெயர் என்றும், ஏடுகளில் நேர்ந்த குழப்பத்தால் தம்பிக்கும் அது ஒட்டிக்கொண்டது என்றும் ஆராய்ந்தோர் கூறுவர். தலைப்பெழுத்தோடு வந்த நம் பிள்ளைகளின் பெயர்கள் படிவங்களில் படும் பாட்டை அறிந்தோர் இதைக் கேட்டு வியப்படையார்.

அத்தமையனார் 1960இல் தம் மரச்சாமான் கடையில் கொள்ளையனால் சுட்டுக் கொல்லப்பட்டார். கொட்டாரத்திலிருந்து கைபிடித்துவந்த ஒரே துணை அவர். அதே ஆண்டு ஹாலிவுட் நடைபாதையில் சாபுவின் பெயர் பொறித்த நட்சத்திரம் பதிக்கப்பெற்றது. 1963 டிசம்பர் 2ஆம் நாள், நாற்பது வயதுகூட நிறையாத நிலையில், மாரடைப்பால் அவர் கலிபோர்னியாவில் காலமானார். கடைசியாக நடித்த வால்ட் டிஸ்னி படம் அவர் மறைந்த பின் 1964இல் வெளியாயிற்று. அதில் அவர் புலி பழக்குபவர்.

மகன் பால் இசைத்துறையிற் புகுந்தார். மகள் ஜாஸ்மின், திரைப்படங்களுக்கு விலங்குகளைப் பழக்கும் தொழிலை மேற்கொண்டார்.