பேரேட்டில் அடங்கிய வாழ்வு

கருவிகள் பெருகப் பெருக மனிதனின் அந்தரங்கம் அருகுகின்றது என்பது கணினி யுகத்திற்கே உரிய கவலையாக இன்று பேசப்படுகின்றது. ஆயின், கினிகத்தேனை முதல் ஹற்றன் வரை பரந்துள்ள தேயிலைத் தோட்டங்களின் வரலாற்றை நோக்குவோர்க்கு இக்கவலை புதியதன்று.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழகத்திலிருந்து வந்த தொழிலாளர்க்கு, தோட்டத்தையும் ஆளையும் குறிக்கும் இலக்கங்கள் பொறித்த தகர வில்லை வழங்கப்பட்டது. பயணச் செலவு அவ்விலக்கத்தைக் கொண்டே தோட்டக் கணக்கில் எழுதப்பட்டது. ‘துண்டு’ எனப்பட்ட கடிதமோ, அவர்தம் கடனைத் தீர்க்கும் தோட்டத்திற்கு அவர்களை விடுவிக்க வழிசெய்தது. 1921இல் துண்டு முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. எனினும், காலைப் பிரட்டும் செக்றோலும் நீடித்தன. செக்றோலில் பெயர் விழாத நாளுக்குக் கூலி இல்லை. லயத்தின் ஒரே காம்பராவில் குடும்பம் முழுவதும் வாழ்ந்தது. தனி முகவரி இன்மையால் கடிதங்களும் தோட்ட அலுவலகத்தின் வழியாகவே வந்தன.

இவ்வாறு தொழிலாளரின் வாழ்வு முழுவதும் பதிவாயிற்று. அப்பதிவு மட்டும் அவர்கள் கையில் இருக்கவில்லை. இதன் விளைவு சுதந்திரத்தின் பின்னரே முழுமையாகப் புலப்பட்டது. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களுட் பெரும்பாலோரை நாடற்றோராக்கியது. 1949ஆம் ஆண்டின் இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் சட்டமோ, 1946 ஜனவரி 1ஆந் திகதிக்கு முன்னர் மணமானோர் 7 ஆண்டுகளும் ஏனையோர் 10 ஆண்டுகளும் தொடர்ந்து வதிந்தமைக்குச் சான்று கேட்டது. வருகையும் வேலையும் வதிவும் தோட்டத்தின் ஏடுகளிலேயே கிடந்தன. ஏறத்தாழ 825,000 பேர் பிரசாவுரிமை கோரினர். பெற்றோர் ஏறத்தாழ 134,000 பேரே. எஞ்சிய சிக்கல் தீர 2003ஆம் ஆண்டின் சட்டம்வரை காத்திருக்க நேர்ந்தது.

பதிவு என்பது தன்னளவில் தீமையன்று. நேர்மையான செக்றோல் கூலிக்குக் காவல். பிழையற்ற மின்னணுத் தராசு கொழுந்தின் நிறைக்குச் சாட்சி. அதனைப் பார்க்கவும், பிழை திருத்தவும், படி பெறவும் தொழிலாளர்க்கு உரிமை உண்டா என்பதே வினா. 2022இல் இலங்கைப் பாராளுமன்றம் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. அச்சட்டம் கூறும் உரிமை நகரத்துக் கணினிகளோடு நின்றுவிடாது, லயத்துக் காம்பராவையும் எட்டுதல் வேண்டும். தகர வில்லையின் காலத்தில் தொழிலாளர்க்கு மறுக்கப்பட்டது அவ்வுரிமையேயாகும்.