செங்கடலும் எழுவைதீவின் கரையும்: லீனா மணிமேகலையின் படைப்புமுறை குறித்து

கவிஞரும் திரைப்பட இயக்குநருமான லீனா மணிமேகலையின் பணியை அவர் தேர்ந்த பொருளையோ அது கிளப்பிய சர்ச்சையையோ மட்டும் கொண்டு மதிப்பிட இயலாது. பாதிக்கப்பட்டவரைப் படைப்பின் பங்காளியாக்கிய முறையே அவரது முதன்மைப் பங்களிப்பு என்பது இக்கட்டுரையின் துணிபு. அம்முறையின் வலுவும் எல்லையும் பாக்கு நீரிணையில் ஒருசேரத் தெரிகின்றன.

'மாத்தம்மா' (2002) அருந்ததியர் சிறுமிகள் தெய்வத்துக்கு நேர்ந்துவிடப்படும் வழக்கத்தைப் பதிவுசெய்தது. 'தேவதைகள்' (2007) ஒப்பாரி பாடும் பெண், கடலுக்குப் போகும் மீனவப் பெண், கேட்பாரற்ற பிணங்களை அடக்கம் செய்யும் பெண் ஆகிய மூவரின் உழைப்பைப் பின்தொடர்ந்தது. 'வெள்ளை வான் கதைகள்' (2013) இலங்கையில் காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்களைப் பேசவைத்தது. 'மாடத்தி' (2019) புதிரை வண்ணார் வாழ்வைப் புனைவாக்கியது. இவற்றில் சாதியும் பாலினமும் பிழைப்பும் தனித்தனிச் சிக்கல்களாக வருவதில்லை.

பாதிக்கப்பட்டவரைப் பங்காளியாக்கும் இம்முறை மிகத் தெளிவாக வெளிப்பட்டது 'செங்கடல்' படத்தில்தான். தனுஷ்கோடி மீனவர்களும் ஈழ அகதிகளும் அதில் தாமே நடித்தனர். யாழ்ப்பாணத் தீவகத்தின் அல்லைப்பிட்டியில் பிறந்த எழுத்தாளர் ஷோபாசக்தி எழுத்திலும் நடிப்பிலும் பங்கேற்றார். 2011இல் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தது; அதே ஆண்டு மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அனுமதி தந்தது. கடலில் இலங்கைக் கடற்படையால் சுடப்படும் மீனவனின் துயரைச் செய்திக் குறிப்பிலிருந்து மீட்டு மனித வாழ்வாக நிறுத்தியது அப்படத்தின் சாதனை.

ஆயினும் அப்படம் நிற்பது தனுஷ்கோடிக் கரையில். எதிரே இலங்கைக் கரையில், ஊர்காவற்றுறையிலிருந்து படகேறிச் சேர வேண்டிய எழுவைதீவில், இக்கடலுக்கு இன்னொரு வரலாறு உண்டு. போர்க்காலத்தில் வடபுலக் கடற்றொழிலாளருக்குக் கடல் தடைப்பட்டிருந்தது. 2009இல் போர் முடிந்த பின் தொழிலுக்குத் திரும்பியவர்கள் தமிழகத்து இழுவைப்படகுகளை எதிர்கொண்டனர். இழுவைமடி கடலடியை வாரிச் செல்கிறது. மீன் வளரும் சாதாழை என்னும் கடற்புல்லும் குஞ்சுகளும் அழிகின்றன. சிறுவள்ளக்காரர் விரித்த வலைகள் அறுபடுகின்றன. இலங்கை 2017இல் இழுவைமடித் தொழிலைச் சட்டத்தால் தடைசெய்தது. எல்லை தாண்டும் படகுகள் இன்னும் ஓயவில்லை. தமிழகத்திலும் இழுவைப்படகுக் கூலிகள் பலர் ஏழைகளே. இலாபத்தின் பெரும்பங்கு உரிமையாளருக்கே போகிறது.

இழுவைமடியின் அழிவைப் பேசுவது தமிழர் ஒற்றுமையைக் குலைக்கும், கடற்படையின் வன்முறைக்கு நியாயம் தேடித்தரும் என்ற மறுப்பு எழலாம். அம்மறுப்பு நிற்காது. நிராயுதபாணியான மீனவரைச் சுடுவது எக்காரணத்தாலும் ஏற்கத்தக்கதன்று. அதனால் கடலடி அழிவு இல்லையென்றாகிவிடாது. ஒரு கரையின் துயரைச் சொல்ல மறுகரையின் இழப்பை மறைக்கும் ஒற்றுமை நீடிக்காது.

இருகரை இழப்பையும் சேர்த்துச் சொல்லும் கருவி நம்மிடமே இருக்கிறது. யாழ்ப்பாண ஓவியர் தா. சனாதனன் 2011இல் வெளியிட்ட 'முற்றுப்பெறாத தோம்பு' (The Incomplete Thombu; தோம்பு என்பது நிலப்பதிவேடு) நூலுக்காக, இடம்பெயர்ந்தோர் தாம் இழந்த வீடுகளின் படங்களை நினைவிலிருந்து வரைந்தனர். சாட்சியமே கலையாகும் இந்த வழியைக் கடலுக்கும் விரிக்கலாம். களங்கண்டி வலை கட்டும் எழுவைதீவுத் தொழிலாளியும் இராமேசுவரத்துப் படகுக் கூலியும் ஒரே படத்தில் தத்தம் கடலை வரைந்து காட்ட வேண்டும். லீனா தொடங்கிய முறை அப்போதே சூழலியல் அறமாக நிறைவெய்தும். அப்பணியை இருகரைப் பல்கலைக்கழகங்களும் கடற்றொழிலாளர் சங்கங்களும் கூட்டாக மேற்கொள்ள வேண்டும்.