வேஷம் கட்டாத சம்சாரி

நம் கரிசல் பக்கத்தில் 'விவசாயி' என்று பேச்சில் யாரும் சொல்வதில்லை. 'சம்சாரி' என்பதுதான் சொல். மழையையும் மாட்டையும் நம்பிக் கம்பு, சோளம், பருத்தி, உளுந்து என்று புஞ்சையில் பாடுபட்டவர்களுக்கு நம் பெரியவர்கள் வழங்கிய பெயர் அது. அப்படிப்பட்ட ஒரு சம்சாரி, தள்ளாத வயதில் சினிமாவில் நடித்து, தேசிய விருதுப் பட்டியலிலும் இடம் பிடித்தார். பெயர் நல்லாண்டி. ஊர், மதுரை மாவட்டம் உசிலம்பட்டி பக்கம் பெருங்காமநல்லூர். சரித்திரம் படித்தவன் என்ற முறையில் அவரைப் பற்றி இந்த மலரில் நாலு வரி எழுத ஆசை.

மணிகண்டன் இயக்கிய 'கடைசி விவசாயி' படத்தில் அவருக்கு மாயாண்டி என்ற கதாபாத்திரம். ஊரில் இன்னும் உழுதுகொண்டிருக்கிற ஒரே கிழவர். குலதெய்வக் கும்பிடுக்கு வேண்டிய நெல்லை அவர்தான் விளைவித்துத் தரவேண்டும். வயலில் செத்துக் கிடந்த மயில்களைப் புதைக்கப் போய், கொன்றதே அவர்தான் என்று போலீஸ் கேஸ் ஆகிவிடுகிறது. அவர் உள்ளே இருக்கும் நாட்களில் பயிருக்குத் தண்ணீர் பாய்ச்ச ஒரு போலீஸ்காரரையே அனுப்புகிறது கோர்ட்டு.

விஜய் சேதுபதியும் யோகி பாபுவும் இருக்கிற படத்தில், பார்ப்பவர் கண் இந்தப் பெரியவரை விட்டு அகலாது. காரணம் பெரிய ரகசியம் ஒன்றுமில்லை. மண்வெட்டி பிடிக்கிறதையும் மடை திருப்புகிறதையும் அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. அது அவர் பிழைப்பு. என்னத்தை நடிக்க?

அந்த ஊர்ப் பெயரைக் கேட்டதும் சரித்திர மாணவர்களுக்கு 1920 ஞாபகம் வரவேண்டும். குற்றப் பரம்பரைச் சட்டத்தின் கீழ்ப் பிறமலைக் கள்ளர் சமூகத்தார் கைரேகை வைத்துப் பதிவு செய்யவேண்டும் என்று வெள்ளைக்கார அரசாங்கம் கட்டாயப்படுத்தியது. ஊர் மறுத்தது. அந்த வருஷம் ஏப்ரல் 3-ஆம் தேதி போலீஸ் சுட்டதில் மாயாக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் மாண்டார்கள். ஜாலியன்வாலாபாக் நடந்து ஒரு வருஷம்கூட முழுசாக ஆகவில்லை. அதைப் படித்த அளவுக்கு இதை நாம் வகுப்பில் படித்தோமா? சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் ஒழிய 1947 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

செய்யாத குற்றத்துக்குக் கோர்ட்டில் வந்து நிற்கிற அந்தக் கிழவரைத் திரையில் பார்த்தபோது, எனக்கு இந்தச் சரித்திரம்தான் மனதில் ஓடியது. ஓர் ஊரையே பிறவிக் குற்றவாளிகள் என்று பதிவேட்டில் எழுதப் பார்த்தது ஒரு சர்க்கார். 103 வருஷம் கழித்து, 2023 ஆகஸ்டில் அறிவித்த 69-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் அதே ஊர்க்காரர் ஒருவரின் பெயரைச் சிறப்புக் குறிப்பில் எழுதியது இன்னொரு சர்க்கார். சிறந்த தமிழ்ப் படமும் 'கடைசி விவசாயி'தான். ஆனால் 2022 பிப்ரவரி 11-இல் படம் வெளிவரும் முன்பே பெரியவர் காலமாகிவிட்டார். விருதை மட்டுமல்ல, தியேட்டரில் தன் முகத்தையும் அவர் பார்க்கவில்லை.

நம் எட்டயபுரத்துக்கு இதில் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். உமறுப் புலவர், முத்துசுவாமி தீட்சிதர், பாரதி என்று பாட்டுக்காரர்களை நினைவில் வைத்திருக்கும் ஊர் இது. அரண்மனைக் கதையும் உண்டு. அரண்மனைக்குத் தீர்வை கட்டிய சம்சாரிகளின் கதை எங்கே? இடைசெவல் கி. ராஜநாராயணன், தாமும் ஒரு சம்சாரியாக இருந்து, கரிசல் மக்களின் சொற்களைத் திரட்டி அகராதியே போட்டார். அவரும் 2021-இல் போய்ச் சேர்ந்தார்.

எல்லாச் சம்சாரி வாசலுக்கும் கேமரா வராது. ஆகவே இன்று படிக்கும் தம்பி தங்கைகளுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டுத் தாத்தா, அப்பத்தா எந்த மாதம் என்ன விதைத்தார்கள், எந்த வருஷம் மழை பொய்த்தது, மாட்டை ஏன் விற்றார்கள் என்று கேட்டு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். அடுத்த சந்திப்புக்கு அந்த நோட்டுகளோடு வாருங்கள். நம் கல்லூரி நூலகத்தில் அதற்கென்று ஒரு அலமாரி ஒதுக்கச் சொல்லி, பழைய மாணவர்கள் நாங்கள் கேட்கிறோம்.