கலமேறிய காராமணி

வரலாறு என்றவுடன் நம் நினைவில் முதலில் நிற்பவை முடியும் கொடியும், கல்வெட்டும் செப்பேடும். பாகூரின் பழம்பெருமையை எடுத்துரைக்க வேண்டின், 1879ஆம் ஆண்டில் அவ்வூரில் கிடைத்த நிருபதுங்கவர்ம பல்லவனின் செப்பேடுகளைக் காட்டுகிறோம். ஒன்பதாம் நூற்றாண்டில் அங்கு விளங்கிய வித்தியாஸ்தானம் என்னும் கல்விநிலையத்துக்கு மூன்று ஊர்கள் கொடையாக விடப்பட்டதை அவை சொல்கின்றன. அரிக்கமேட்டைப் பற்றிப் பேச வேண்டின், 1945இல் மார்ட்டிமர் வீலர் நிகழ்த்திய அகழாய்வையும், அங்கு வெளிப்பட்ட யவன வணிகத்தின் தடயங்களையும் காட்டுகிறோம். இவை யாவும் போற்றற்குரியவையே. எனினும் செப்பேடு ஊரின் எல்லையைச் சொல்லும். அவ்வூர் உழவர் வீட்டு அடுப்பில் கொதித்தது யாது என்று சொல்லாது. அதனைச் சொல்லக்கூடிய சான்று வேறு. அது சட்டியிலும் சொல்லிலும் தங்கியிருக்கிறது. அத்தகைய சான்றுகளுள் எளியதொன்றாகிய காராமணிச் சோற்றின் வரலாற்றை, நம் வட்டத்தின் பத்தாம் ஆண்டு மலரில் கவிஞர் பெருமக்கள் முன் வைக்க விழைகிறேன்.

பயற்றின் பெயரும் பிறப்பும்

புதுச்சேரியிலும் வட தமிழகத்திலும் காராமணி என்கிறோம். கொங்கு நாட்டாரும் தென்பாண்டியாரும் தட்டைப்பயறு என்பர். ஈழத்தில் கௌபி என்னும் பெயர் வழங்குகிறது. அஃது ஆங்கிலத்தின் வழி வந்த சொல். தெலுங்கர் அலசந்தலு என்றும் பொப்பர்லு என்றும், கன்னடர் அலசந்தே என்றும் கூறுவர். அலசந்தே என்னும் சொல்லை எகிப்தின் அலெக்சாந்திரியத் துறைமுகத்தோடு தொடர்புபடுத்திப் பேசுவாரும் உளர். வடபுலத்தார் வழங்கும் லோபியா என்னும் பெயர், கிரேக்கச் சொல்லொன்று அரபியில் புகுந்து அங்கிருந்து வந்தது. ஒரு சிறு பயற்றுக்கு இத்தனை மொழிகள் பெயர் சூட்டியிருப்பதே, அது நெடுந்தொலைவு நடந்த பயறு என்பதைக் காட்டும்.

அதன் பிறந்தகம் ஆப்பிரிக்கா. மேலை ஆப்பிரிக்காவின் கானா நாட்டில் கிந்தாம்போ பண்பாட்டு இடங்களில் கிடைத்த காராமணி விதைகள் 3,500 ஆண்டுகளுக்கு முற்பட்டவை எனக் கரிமக் கணிப்பு கூறுகிறது. கிறித்து பிறப்பதற்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே இப்பயறு இந்திய மண்ணுக்கும் வந்து சேர்ந்துவிட்டது. ஆகவே நம் அடுப்பில் நெல்லும் காராமணியும் ஒரு சட்டியில் வேகும்போது, ஆசியாவின் புல்லும் ஆப்பிரிக்காவின் கொடியும் அங்கே கூடுகின்றன. அதில் நாம் கிள்ளிப் போடும் மிளகாயோ அமெரிக்கக் கண்டத்தில் தோன்றிப் போர்த்துகீசியர் வழியாக இந்நாடு புகுந்தது. நாம் மிகப் பழையது, மிக உள்ளூரது என்று கருதும் ஒரு பிடி சோற்றில் மூன்று கண்டங்கள் கலந்திருக்கின்றன.

புன்செய் உணவில் பயற்றுக்குரிய இடம் சங்கப் பாடல்களிலேயே தெளிவு. புறநானூற்றின் 335ஆம் பாட்டில் மாங்குடி கிழார், ஒரு சிற்றூரின் உணவென நான்கை மட்டுமே எண்ணுகிறார். வரகு, தினை, கொள், அவரை என்பன அவை. நான்கில் இரண்டு தானியம், இரண்டு பயறு. இணைத்துண்ணும் அறிவு நம் மண்ணில் எத்துணைப் பழையது என்பதற்கு வேறு சான்று வேண்டா.

மண்ணும் அடுப்பும்

அபிஷேகப்பாக்கத்தை நடுவாகக் கொண்டு நோக்கினால், வடமேற்கே வில்லியனூர், தெற்கே பாகூர், கிழக்கே கடல். வடக்கே சங்கராபரணியும் தெற்கே தென்பெண்ணையும் ஓடும் இந்நிலப்பகுதி வண்டலும் மணலும் கலந்தது. சொர்ணாவூர் அணையிலிருந்து பங்காரு வாய்க்கால் வழியே தென்பெண்ணை நீர் பாகூர் ஏரியை நிரப்பும். அதனால் பாகூர் புதுச்சேரியின் நெற்களஞ்சியம் எனப் பெயர் பெற்றது. ஏரி நீர் எட்டாத மேட்டு நிலத்தில் மணிலாப்பயிர். மணிலாவுக்கு ஊடுபயிராகவும் ஓரப்பயிராகவும் காராமணி விதைப்பது இவ்வட்டாரங்களில் நெடுநாள் வழக்கம்.

அவ்வழக்கத்தில் ஆழ்ந்த அறிவு இருந்தது. மணிலாவைத் தாக்கும் சிவப்புக் கம்பளிப்புழு காராமணி இலையை விரும்பித் தேடும். ஆகவே ஓரத்துக் காராமணி, நடுவிலுள்ள பயிரைக் காக்கும் பொறியாக நின்றது. அதன் வேர்முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் காற்றிலுள்ள தழைச்சத்தை மண்ணில் சேர்த்தன. கொடி மாட்டுக்குத் தீவனமாயிற்று. பிஞ்சு பொரியலுக்கும், முற்றிய பயறு குழம்புக்கும் சோற்றுக்கும் உதவின.

இனிச் சமைக்கும் முறை. இரண்டு ஆழாக்குப் புழுங்கலரிசிக்கு முக்கால் ஆழாக்குக் காராமணி போதும். முதலில் பயற்றை வெறுஞ்சட்டியில் மணம் எழும் வரை வறுக்க வேண்டும், கருகவிடலாகாது. பின் கழுவி, மண்சட்டியில் நிறைய நீர் வைத்து வேகவிட வேண்டும். பயறு வேக அரிசியினும் மிகுதியான நேரம் கொள்ளும். எனவே பயறு முக்காற்பதம் வெந்து, விரலால் நசுக்கினால் தோல் மட்டும் சற்றே எதிர்க்கும் நிலையில்தான் அரிசியை இட வேண்டும். பயறு வெந்த நீரைக் கொட்டிவிடுதல் கூடாது. செந்நிறம் படிந்த அந்நீரே அரிசிக்கு நிறமும் சுவையும் தருவது. புளி சேர்ப்பதாயின் பயறு நன்கு குழைந்த பின்னரே சேர்க்க வேண்டும். முன்னரே சேர்த்தால் பயறு விறைத்து நிற்கும். இறுதியில் நல்லெண்ணெயில் கடுகு, காய்ந்த மிளகாய், பூண்டு, சின்ன வெங்காயம், கறிவேப்பிலை தாளித்துக் கொட்டி, உப்பிட்டுக் கிளறி, மூடி, தணலில் சற்று நேரம் வைத்திருந்து இறக்க வேண்டும். கருவாட்டுக் குழம்போ, கத்தரிக்காய்க் குழம்போ துணைக்கு இருந்தால் வேறு கறி வேண்டுவதில்லை.

இன்றைய உணவியல் இதற்கு ஒரு விளக்கம் தருகிறது. அரிசியின் புரதத்தில் லைசின் என்னும் கூறு குறைவு. பயற்றில் அது மிகுதி. பயற்றில் குறைவான மெத்தியோனின் அரிசியில் உண்டு. இரண்டும் கூடும்போது ஒன்றன் குறையை மற்றொன்று நிறைக்கிறது. ஊனும் மீனும் நாள்தோறும் வாங்க இயலாத உழைப்பாளர் குடும்பங்கள், இந்த வேதியியலைச் சொல்லறியாமலே கையறிந்து வாழ்ந்தன.

கடல் கடந்த சோறு

இதே சோற்றை அமெரிக்காவின் தென் மாநிலங்களில் காண்கிறோம். அங்கே அதன் பெயர் ஹாப்பின் ஜான். கரோலினாக் கடற்கரையின் நெல்வயல்களை உருவாக்கியவர்கள், மேலை ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டு செல்லப்பட்ட மக்கள். நெல் வளர்க்கும் திறமும் காராமணியின் சுவையும் அவர்களோடு சென்றன. பயற்றை முதலில் வேகவைத்து, அந்நீரிலேயே அரிசியை இட்டு, உப்பிட்ட பன்றியிறைச்சியோடு சமைப்பது அவர்கள் முறை. 1847இல் சாரா ரட்லெட்ஜ் என்னும் அம்மையார் சார்ல்ஸ்டனில் வெளியிட்ட சமையல் நூலில் அதன் செய்முறை இடம்பெற்றுள்ளது. எசமானியின் நூல் நின்றது. வயலிலும் அடுப்படியிலும் நின்றவர்களின் பெயர் நிற்கவில்லை.

அப்பெயர்க்குக் காரணம் கூறுவார் பலர். அவருள் கரென் ஹெஸ் என்னும் உணவு வரலாற்றாசிரியர், 1992இல் வெளியான தம் நூலில் ஒரு கருத்தை முன்வைத்தார். சோற்றைக் குறிக்கும் இந்தியச் சொல்லும், பயற்றைக் குறிக்கும் மலாய்ச் சொல்லாகிய கச்சாங்கும் இணைந்து சிதைந்ததே அப்பெயர் என்பது அவர் துணிபு. இதனை ஏற்காதாரும் உண்டு. எனினும் இந்தியப் பெருங்கடலும் அட்லாண்டிக் பெருங்கடலும் ஒரே சட்டியில் சந்தித்திருக்கக்கூடும் என்று ஓர் ஆய்வாளர் எண்ணியது சிந்தனைக்குரியது.

நமக்கு இதில் அக்கறை ஏன்? அடிமைக் கப்பல்கள் புதுச்சேரித் துறையிலும் நங்கூரமிட்டன. பதினெட்டாம் நூற்றாண்டில் இக்கரையிலிருந்து மொரீஷியசுக்கும் ரெயூனியோனுக்கும் மக்கள் அடிமைகளாகக் கொண்டு செல்லப்பட்டனர். ஆட்களை வஞ்சித்துக் கடத்திய செய்தி ஆனந்தரங்கப்பிள்ளையின் நாட்குறிப்பிலேயே பதிவாகியிருக்கிறது. 1848 ஏப்ரல் 27ஆம் நாள் பிரான்சு தன் குடியேற்றங்களில் அடிமை முறையை ஒழித்தது. கரும்புத் தோட்டங்களுக்குக் கூலிகள் தேவைப்பட்டனர். ஒப்பந்தம் என்னும் பெயரில் மீண்டும் கலங்கள் புறப்பட்டன. ஒரேலி என்னும் கப்பல் 1853 மே மாதத்தில் மார்த்தினீக்குக்கும், 1854 டிசம்பரில் குவாதலூப்புக்கும் முதல் இந்தியக் கூலிகளைக் கொண்டு சேர்த்தது. 1861இல் பிரான்சும் பிரிட்டனும் செய்துகொண்ட உடன்படிக்கை ஆட்சேர்ப்பை மேலும் பெருக்கியது. மார்த்தினீக்குக்கு ஏறத்தாழ 25,000 பேரும், குவாதலூப்புக்கு ஏறத்தாழ 42,000 பேரும் சென்றனர். ரெயூனியோனுக்குச் சென்றோர் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர். இவருள் பெரும்பாலோர் புதுச்சேரி, காரைக்கால் துறைகளில் கலமேறிய தமிழர்கள்.

ரெயூனியோனில் இன்றும் செம்புரொக்கால் என்னும் சோறு உண்டு. அரிசியையும் பயற்றையும் மஞ்சளிட்டு ஒரே கலத்தில் வேகவைப்பது. அத்தீவின் அன்றாட உணவே சோறு, பயறு, கறி, காரத் துவையல் என்னும் நான்கின் கூட்டு. தென்னமெரிக்காவின் கயானாவில் காராமணியும் அரிசியும் தேங்காய்ப்பாலில் வேகும் ஒரு சோற்றை ஆண்டின் கடைசி இரவில் உண்பர். ஆப்பிரிக்கர் கொணர்ந்தது எது, தமிழர் கொணர்ந்தது எது என்று இவற்றைப் பிரித்துப் பட்டா எழுத முற்படுவது வீண். ஒரே தோட்டத்தில், ஒரே சாட்டைக்கு முன், ஒருவர்க்குப் பின் ஒருவராக நின்றவர்களின் அடுப்புகள் அவை.

நோன்பும் நற்பேறும்

இன்னுமோர் ஒப்புமை கருதத்தக்கது. அமெரிக்கத் தென்னாட்டார் ஹாப்பின் ஜானை சனவரி முதல் நாளில் உண்பர். காராமணி நாணயத்தைக் குறிக்கும், உடன் வைக்கும் கீரை பணத்தாளைக் குறிக்கும் என்பது அவர் நம்பிக்கை. நம் நாட்டில் மாசியும் பங்குனியும் கூடும் வேளையில் காரடையான் நோன்பு வருகிறது. வறுத்த அரிசிமாவில் வெந்த காராமணியும் தேங்காயும் வெல்லமும் சேர்த்து அடை தட்டி, சாவித்திரியை நினைந்து படைக்கின்றனர். அங்கே ஆண்டின் எல்லை; இங்கே திங்களின் எல்லை. காலம் மடங்குமிடத்தில் மனிதன் அரிசியையும் காராமணியையும் கையிலெடுத்து வாழ்வு வேண்டுகிறான். ஒருவரைப் பார்த்து மற்றவர் கற்றது அன்று. பசியை அறிந்த மக்கள் தம் பசிக்கு உதவியதையே தெய்வத்துக்கும் படைத்தனர்.

எஞ்சிய சொற்கள்

கடல் கடந்த தமிழரின் வழித்தோன்றல்கள் பெரும்பாலும் தமிழ் பேசுவதில்லை. மூன்று நான்கு தலைமுறைகளில் மொழி உதிர்ந்தது. ஆனால் ரெயூனியோனின் கிரியோல் மொழியில் செவியைச் சாய்த்தால் சில சொற்கள் கேட்கும். கறிவேப்பிலை அங்கே கலுப்பிலே. கொத்தமல்லி கொத்தோமிலி. பீர்க்கங்காய் பிப்பாங்காய். முருங்கை முருங்கு. காரத் துவையலாகிய ருகாய், நம் ஊறுகாயின் மாற்றுரு என்பர். வணக்கம் சொல்லும் சொல் மறைந்தது, உறவுமுறைச் சொற்கள் மங்கின. கறிவேப்பிலையின் பெயர் மட்டும் இறக்க மறுத்தது. திரௌபதியம்மனுக்குத் தீமிதித்துவிட்டு வாழையிலையில் சோறுண்ணும் ஒருவர், தம் பாட்டனார் எவ்வூரினர் என அறியாதிருக்கலாம். அவர் நாவில் நிற்கும் காய்கறிப் பெயரே அவருடைய ஊர்ச்சீட்டு.

இந்நிலையில் நம் நிலையை எண்ணிப் பார்த்தல் வேண்டும். மொழி இழந்தோர் அடுப்படிச் சொல்லைக் காத்தனர். மொழி உடைய நாமோ அடுப்படிச் சொல்லை இழந்து வருகிறோம். ஆழாக்கு எவ்வளவு என்று இளையோர் கேட்கின்றனர். வறுத்தல், வதக்கல், வாட்டல், பொரித்தல், தாளித்தல் என்னும் நுண்வேறுபாடுகள் ஒரே ஆங்கிலச் சொல்லுக்குள் அடங்கி வருகின்றன. கொடியோடு சொல்லும் வயலை விட்டு வெளியேறுகிறது.

பிஜித் தீவின் கரும்புத் தோட்டத்தில் நம் பெண்கள் பட்ட துயரைப் பாரதியார் பாடினார். பத்தாண்டுக் காலம் புதுச்சேரியில் வாழ்ந்த கவிஞர் அவர். அவர் நின்ற அதே கரையில் கலமேறியவர்களைப் பாடும் கடமை நமக்குரியது. அதற்குக் காப்பியம் வேண்டுவதில்லை. ஒவ்வோர் உறுப்பினரும் தத்தம் இல்லத்து மூதாட்டியரிடமிருந்து ஒரு சோற்றின் செய்முறையை, அவர் சொல்லும் சொற்களிலேயே, எழுதி வைத்தாலும் போதும். பாகூரின் கல்விநிலையத்தைச் செப்பேடு காத்தது. அபிஷேகப்பாக்கத்தின் அடுப்படியை ஏடு காக்கட்டும். அடுத்த பத்தாண்டில் நம் வட்டம் வெளியிடும் மலரில் அத்தகைய தொகுப்பொன்று இடம்பெறுமாயின், கடலுக்கு அப்பால் கலுப்பிலே என்று சொல்லி நிற்கும் உறவுக்கு நாம் அளிக்கும் விடையாக அஃது அமையும்.